ஏஐ படித்தது முழு லாக்கையா, சுருக்கத்தையா? டீஃபால்ட் மாடலும் கருவி வெளியீடும்: ஓர் எளிய விளக்கம்

"நேத்து வரைக்கும் நல்லாத்தான் வேலை செஞ்சுது. இன்னிக்கு என்னமோ மந்தமாயிடுச்சு." ஏஐ துணையோடு புரோகிராம் எழுதும் எந்த ஆபீஸிலும் இந்தப் புலம்பல் காதில் விழும். கொஞ்ச நேரத்தில் பக்கத்து மேசையிலிருந்து இன்னொன்று வரும்: "லாக்ல எரர் பளிச்சுனு இருக்கு. அதைப் படிச்சிட்டும் சம்பந்தமே இல்லாம ஏதோ சொல்லுது பாருங்க." லாக் என்பது நிரல் ஓடும்போது வரிவரியாக எழுதிவிடும் பதிவு.

இரண்டுக்கும் எல்லாரும் சொல்லும் காரணம், ஏஐ-க்கு அவ்வளவுதான் அறிவு என்பது. சில நேரம் அது உண்மையும்கூட. ஆனால் அந்த முடிவுக்கு வருமுன் இரண்டு கேள்விகள் கேட்க வேண்டும். பெரும்பாலும் யாரும் கேட்பதில்லை. நேற்றும் இன்றும் பதில் சொன்னது ஒரே மாடல்தானா? அந்த எரர் வரி மாடலின் பார்வைக்குப் போய்ச் சேர்ந்ததா?

முதல் கேள்விக்கு விடை டீஃபால்ட் மாடல் என்ற அமைப்பில் இருக்கிறது. இரண்டாவதற்கு, ஃபைலைப் படிக்கவும் கட்டளையை ஓட்டவும் ஏஐ பயன்படுத்தும் கருவிகள் தரும் உரையை, அதாவது வெளியீட்டை, சுருக்கும் அமைப்பில். இரண்டுமே நம்மைக் கேட்காமல் மென்பொருள் நமக்காக எடுக்கும் முடிவுகள். புரோகிராமர்கள் மட்டும் கவலைப்பட வேண்டிய விஷயம் போலத் தெரியும். ஆனால் சாட்ஜிபிடியிடம் சமையல் குறிப்பு கேட்பவருக்கும் முதல் கேள்வி பொருந்தும்.

## மென்பொருள் வேறு, மாடல் வேறு

ஊரில் பெயர்பெற்ற ஒரு வக்கீல் ஆபீஸை எடுத்துக்கொள்ளுங்கள். வாசலில் பெயர்ப்பலகை ஒன்றுதான். உள்ளே சீனியர் ஒருவர், நாலைந்து ஜூனியர்கள், எல்லாரையும் கட்டி மேய்க்கும் குமாஸ்தா. நீங்கள் போய் "என் கேஸை எடுத்துக்குங்க" என்று மட்டும் சொன்னால், யார் அதைப் பார்ப்பது என்று குமாஸ்தா முடிவு செய்வார். வாய்தா வாங்குகிற நாள் என்றால் ஜூனியர் போவார். வாதாட வேண்டிய நாளில் சீனியர். அந்தச் சீனியரும் முந்நூறு பக்கக் கட்டைப் புரட்டிக்கொண்டிருக்க மாட்டார். ஜூனியர் ஒருவர் இரண்டு பக்கத்தில் குறிப்பு எழுதித் தருவார், அதை வைத்துக்கொண்டு நீதிபதி முன் நிற்பார். பெரிய வக்கீல் நம் கேஸைப் படித்துவிட்டார் என்று நீங்கள் நிம்மதியாக இருப்பீர்கள். அவர் படித்தது குறிப்பை.

ஏஐ மென்பொருளும் ஏறத்தாழ இப்படித்தான் நடக்கிறது. சாட்ஜிபிடி, ஜெமினி சிஎல்ஐ, கிளாட் கோட், ஏய்டர் ஆகியவை பெயர்ப்பலகைகள். நாம் திறந்து, தட்டச்சு செய்து, பதிலைப் படிக்கிற செயலிகள். மாடல் என்பது அவற்றுக்குப் பின்னால், பெரும்பாலும் எங்கோ ஒரு டேட்டா சென்டரில் ஓடுகிற மொழிக் கணிப்பு இயந்திரம். உரையை வாங்கிக்கொள்ளும், அடுத்து வரவேண்டிய உரையைக் கணித்துத் திருப்பித் தரும். ஜிபிடி-4ஓ, ஜெமினி 2.5 புரோ, ஜெமினி 2.5 ஃப்ளாஷ், கிளாட் சானெட், கிளாட் ஹைக்கூ இவையெல்லாம் மாடல்கள். ஒரே செயலிக்குள் பல மாடல்கள் வேலை பார்க்கலாம். ஒரே மாடல் பல செயலிகளுக்குள்ளும் இருக்கலாம். ஆகவே "நான் ஜெமினிதான் யூஸ் பண்றேன்" என்று ஒருவர் சொன்னால் பாதித் தகவல்தான் சொல்லியிருக்கிறார். புரோவா ஃப்ளாஷா என்பது மீதிப் பாதி. முன்னது பெரியது, நிதானமானது, விலை கூடியது. பின்னது சிறியது, வேகமானது, மலிவானது.

## நீங்கள் சொல்லாவிட்டால் யார் வருவார்?

நீங்கள் எந்த மாடலையும் குறிப்பிடாதபோது செயலி தானாக எடுத்துக்கொள்ளும் மாடல்தான் டீஃபால்ட் மாடல். விளக்கம் இவ்வளவுதான். குழப்பம் வருவது, மாடலைக் குறிப்பிட ஒன்றுக்கு மேற்பட்ட இடங்கள் இருப்பதால்.

கூகுள் 2025 ஜூனில் வெளியிட்ட ஜெமினி சிஎல்ஐ-யைப் பார்ப்போம். கட்டளைகளைத் தட்டச்சு செய்யும் கறுப்புத் திரையான டெர்மினலில் ஓடும் ஏஐ உதவியாளர் அது. ஓப்பன் சோர்ஸ் என்பதால் உள்ளே நடப்பதை யார் வேண்டுமானாலும் திறந்து பார்க்கலாம், எனவே விளக்கத்துக்கு வசதி. நிறுவனங்கள் மொத்தமாக வைக்கும் சிஸ்டம் அமைப்பை ஒதுக்கிவிட்டால், மாடலின் பெயர் அதற்கு ஐந்து இடங்களிலிருந்து வரலாம். எல்லாவற்றுக்கும் அடியில், செயலியோடு பொதிந்தே வரும் பெயர். அதன் மேல், உங்கள் ஹோம் ஃபோல்டரில் இருக்கும் செட்டிங்ஸ் ஃபைல். அதற்கு மேல், நீங்கள் வேலை செய்யும் புராஜெக்டுக்குள் இருக்கும் செட்டிங்ஸ் ஃபைல். அடுத்தது என்விரான்மென்ட் வேரியபிள். கம்ப்யூட்டரில் ஒரு பெயருக்கு ஒரு மதிப்பு என்று எழுதி வைத்து, ஓடும் நிரல்கள் எடுத்துப் பார்த்துக்கொள்ளும்படி விடும் ஏற்பாடு. உச்சியில், செயலியைத் தொடங்கும் கட்டளையிலேயே நீங்கள் சேர்த்து அடிக்கும் மாடல் பெயர். மேலே இருப்பது கீழே இருப்பதை அடித்துவிடும்.

"இந்த ஒரு புராஜெக்ட்ல மட்டும் ஏஐ சொதப்புது" என்ற புகாரின் பின்னணி பல நேரம் இதுதான். உங்கள் ஹோம் ஃபோல்டரில் புரோ என்று எழுதி வைத்திருப்பீர்கள். செலவைக் குறைக்கலாம் என்று சக ஊழியர் ஒருவர் புராஜெக்ட் ஃபைலில் ஃப்ளாஷ் என்று எழுதி, மற்ற கோடோடு சேர்த்து எல்லாருக்கும் அனுப்பியிருப்பார். அந்த ஃபோல்டருக்குள் நுழைந்த கணத்தில் உங்கள் விருப்பம் செல்லாது. திரையின் அடியில் மாடல் பெயர் சிறிய எழுத்தில் மாறியிருக்கும். அதை யார் பார்க்கிறார்கள்?

சரியான பெயரைச் சரியான இடத்தில் எழுதினாலும் வேலை முடியவில்லை. பெரிய மாடலுக்கு இத்தனை கேள்விதான் என்று வரம்பு இருக்கும். ஜெமினி சிஎல்ஐ வெளிவந்த காலத்தில், புரோ மாடலில் நெரிசலோ வரம்போ வந்துவிட்டால் செயலி தானாக ஃப்ளாஷுக்கு மாறி, மாறிவிட்டேன் என்று ஒரு வரி காட்டும். ஓடிக்கொண்டிருக்கும் நூறு வரிகளுக்கு நடுவே அந்த ஒரு வரியும் ஓடிவிடும். காலையில் கெட்டிக்காரத்தனமாக இருந்தது மாலையில் மந்தமாவதற்கு இதுவும் ஒரு காரணம்.

இந்தத் தானியங்கி மாற்றம் எவ்வளவு பெரிய சத்தத்தைக் கிளப்பும் என்பதை 2025 ஆகஸ்ட் 7 காட்டியது. அன்று ஓப்பன்ஏஐ ஜிபிடி-5-ஐ வெளியிட்டது. சாட்ஜிபிடியில் பழைய மாடல்களைத் தேர்ந்தெடுக்கும் பட்டியலை எடுத்துவிட்டு, கேள்வியைப் பார்த்து வேகமான மாடலா, யோசிக்கும் மாடலா என்று தானே பிரித்து அனுப்பும் ஏற்பாட்டை வைத்தது. முதல் நாளே அந்தப் பிரிக்கும் பகுதி சில மணி நேரம் ஒழுங்காக வேலை செய்யவில்லை. அதனால் ஜிபிடி-5 இருக்க வேண்டியதைவிட மக்காகத் தெரிந்தது என்று தலைமை நிர்வாகி சாம் ஆல்ட்மனே சொன்னார். ஜிபிடி-4ஓ-வைப் பறித்துவிட்டார்கள் என்று பயனர்கள் கொதித்ததில், பணம் கட்டும் சந்தாதாரர்களுக்கு அதைத் திரும்பக் கொடுக்க வேண்டியதாயிற்று. கோடிக்கணக்கானவர்களின் டீஃபால்ட்டை ஒரே இரவில் மாற்றினால் இதுதான் நடக்கும்.

பெயர் மாறாமலே ஆள் மாறுவதும் உண்டு. அதே ஆண்டு ஏப்ரல் 25-இல் ஜிபிடி-4ஓ-வுக்கு வந்த ஒரு புதுப்பிப்பு, பயனர் என்ன சொன்னாலும் ஆமாம் போட்டுப் புகழும்படி அதை ஆக்கிவிட்டது. சில நாட்களிலேயே ஓப்பன்ஏஐ அதைத் திரும்பப் பெற்றது. பட்டியலில் பெயர் என்னவோ முழு நேரமும் ஜிபிடி-4ஓ-தான். இதனால்தான் மாடல்களை விற்கும் நிறுவனங்கள் புரோகிராமர்களுக்கு இரண்டு விதமான பெயர் தருகின்றன. ஒன்று பொதுப் பெயர். அது இன்றைக்கு எந்தப் பதிப்பைக் குறிக்கிறதோ அதுவே கிடைக்கும், நாளை நிறுவனம் வேறு பதிப்புக்குத் திருப்பிவிடலாம். இன்னொன்று தேதியோடு வரும் பெயர். ஜிபிடி-4ஓ-வுக்குப் பின்னால் 2024-08-06 என்று ஒட்டியிருந்தால், அந்தப் பதிப்பை நிறுத்தும்வரை அதுவேதான் வரும். வாடிக்கையாளருக்குப் போகும் எதையாவது கட்டுகிறீர்கள் என்றால் தேதிப் பெயரைத்தான் எழுத வேண்டும். பொதுப் பெயரை எழுதிவிட்டு, பிறகு பதில் மாறிவிட்டது என்று வருந்துவதில் அர்த்தம் இல்லை.

கடைசியாக ஒன்று. நீங்கள் தேர்ந்தெடுத்த மாடல் எல்லா வேலையையும் செய்வதில்லை. ஏய்டர் என்ற நிரல் உதவியாளர் இதை மறைக்காமலே சொல்கிறது. அதில் முதன்மை மாடல் ஒன்று, 'வீக் மாடல்' என்று இன்னொன்று. கோடில் செய்த மாற்றத்துக்குக் குறிப்பு எழுதுவது, நீண்டுவிட்ட உரையாடலைச் சுருக்குவது போன்ற எடுபிடி வேலைகள் இரண்டாவதுக்குப் போகும். கிளாட் கோடிலும், ஓர் இணையப் பக்கத்தைப் படிக்கச் சொன்னால் சிறிய வேகமான மாடல் ஒன்று பக்கத்தைப் படித்து, கேட்ட கேள்விக்கான விடையை மட்டும் பெரிய மாடலிடம் கொடுக்கும். ஜூனியர் எழுதிய குறிப்பு என்றேனே, அது இதுதான்.

இதுவரை பார்த்தது: செயலிக்குள் பல மாடல்கள் உண்டு. நீங்கள் சொல்லாவிட்டால் ஒன்று தானாக வரும். நீங்கள் சொன்னாலும், மேலடுக்கு அமைப்போ வரம்போ அதை மாற்றலாம். பின்னணி வேலைகளுக்குப் பெரும்பாலும் சிறிய மாடல்தான்.

## மாடலுக்கு ஞாபகம் என்று ஒன்று இல்லை

சுருக்கம் ஏன் தேவைப்படுகிறது என்பதைப் புரிந்துகொள்ள, பலருக்கு நம்பவே கடினமான ஒரு விஷயத்தை ஏற்றுக்கொள்ள வேண்டும். ஒரு கேள்விக்கும் அடுத்த கேள்விக்கும் இடையில் மாடல் எதையும் நினைவில் வைத்திருப்பதில்லை. நீங்கள் பத்தாவது கேள்வியைக் கேட்கும்போது, முதல் ஒன்பது கேள்விகளையும் அவற்றின் பதில்களையும் செயலி முழுவதுமாக எடுத்து, பத்தாவதோடு சேர்த்து மறுபடியும் அனுப்புகிறது. மாடல் முதல் வரியிலிருந்து எல்லாவற்றையும் புதிதாகப் படித்துவிட்டுப் பதில் சொல்கிறது. நம்மோடு தொடர்ந்து பேசுகிற மாதிரி தோன்றுவது செயலி செய்யும் இந்த வேலையால்தான்.

படிக்கும் அளவை டோக்கனில் கணக்கிடுகிறார்கள். மாடல் உரையை நறுக்கிப் பார்க்கும் சிறு துண்டுதான் டோக்கன். அது ஒரு முழுச் சொல்லாக இருக்கலாம், சொல்லின் பகுதியாகவும் இருக்கலாம். கட்டணமும் டோக்கன் கணக்கில்தான். தமிழுக்கு இதில் பழைய வருத்தம் ஒன்று உண்டு. நறுக்கும் முறை ஆங்கிலத்தை மனத்தில் வைத்து உருவானதால், அதே விஷயத்தைத் தமிழில் சொன்னால் பல மடங்கு டோக்கன் செலவாகும். 2024 மே மாதம் ஜிபிடி-4ஓ-வோடு நறுக்கும் முறையையும் ஓப்பன்ஏஐ மாற்றியது. அப்போது அது வெளியிட்ட மாதிரியில், 116 டோக்கன் எடுத்த ஒரு தமிழ்ப் பத்தி 35-க்கு இறங்கியது. எந்த மாடல் என்பது தமிழில் கேட்பவரின் பையையும் தொடும் கேள்வி என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டாம்.

ஒரே நேரத்தில் மாடல் எத்தனை டோக்கனைப் பார்க்க முடியும் என்ற உச்ச வரம்புக்கு கான்டெக்ஸ்ட் விண்டோ, சுருக்கமாகச் சாளரம், என்று பெயர். 2020-இல் வந்த ஜிபிடி-3-க்கு அது 2,048. 2023 மார்ச்சில் ஜிபிடி-4 வந்தபோது 8,192, பெரிய வடிவத்தில் 32,768. 2024 பிப்ரவரியில் கூகுள் அறிவித்த ஜெமினி 1.5 புரோ 10 லட்சத்தைத் தொட்டது.

பத்து லட்சம் இருக்கிறதே, பிறகு ஏன் சுருக்க வேண்டும்? நியாயமான கேள்விதான். இடம் இருக்கிறது என்பதற்காக எல்லாவற்றையும் அடைத்தால், மாடல் எல்லாவற்றையும் ஒரே கவனத்தோடு படிக்கும் என்று உறுதி இல்லை. நீண்ட உரையின் தொடக்கத்திலும் முடிவிலும் இருப்பதை மாடல்கள் நன்றாகப் பிடிக்கின்றன, நடுவில் இருப்பதைத் தவறவிடுகின்றன என்று ஸ்டான்ஃபோர்டு உள்ளிட்ட இடங்களின் ஆய்வாளர்கள் 2023-இல் காட்டினார்கள். அதன்பின் மாடல்கள் தேறியிருக்கின்றன என்றாலும், நடுப்பகுதி பற்றிய சந்தேகம் முழுதாகப் போய்விடவில்லை.

## கருவிகள் கொட்டும் குவியல்

மாடல் உரையை மட்டுமே தரும், தானாக ஒரு ஃபைலைத் திறக்க அதனால் முடியாது. அதற்காகச் செயலி சில கருவிகளை வைத்திருக்கும். ஃபைலைப் படிக்கும் கருவி, டெர்மினல் கட்டளையை ஓட்டும் கருவி, இணையத்தில் தேடும் கருவி. "இந்தக் கட்டளையை ஓட்டு" என்று மாடல் எழுதிக் கொடுக்கும், செயலி ஓட்டும், கிடைத்த வெளியீட்டை உரையாடலில் சேர்த்து மாடலுக்குத் திருப்பி அனுப்பும். அதைப் பார்த்து மாடல் அடுத்த கட்டளையை எழுதும். 2023 ஜூனில் ஓப்பன்ஏஐ இந்த வசதியை புரோகிராமர்களுக்குத் திறந்துவிட்டது. 2024 நவம்பரில் கிளாட் மாடல்களை உருவாக்கும் ஆந்த்ரோபிக், வெளிக் கருவிகளை எந்தச் செயலியோடும் இணைக்க எம்சிபி என்ற பொது முறையை வெளியிட்டது. அதன்பிறகு கருவிகள் பெருகிவிட்டன, அவை கொட்டும் உரையும்தான்.

மனிதன் தட்டச்சு செய்வது இரண்டு வரி. அதற்கு ஒரு கருவி கொண்டுவருவது சில நேரம் இரண்டாயிரம் வரி. ஒரு சோதனை ஓட்டத்தின் லாக் 20,000 டோக்கன் என்று வைத்துக்கொள்வோம். அது உரையாடலில் சேர்ந்துவிட்டால், அடுத்து நடக்கும் ஒவ்வொரு சுற்றிலும் திரும்பத் திரும்பப் போகும். பதினைந்து சுற்று நடந்தால் 3 லட்சம் டோக்கன். அந்த லாக்கை 2,000 டோக்கனுக்குச் சுருக்கியிருந்தால் 30,000-தான், கூடவே சுருக்கிய மாடல் ஒருமுறை படித்த 20,000. ஏற்கெனவே அனுப்பிய பகுதியைச் சேமித்து வைத்து மலிவாகக் கணக்கிடும் முறைகள் இப்போது வந்துவிட்டதால் பணம் இந்த விகிதத்தில் ஏறாது. ஆனால் சாளரத்தில் அது பிடிக்கும் இடம் குறையாது.

## வெட்டுவதும் சுருக்குவதும் ஒன்றல்ல

இந்தக் குவியலைக் கையாள இரண்டு வழிகள் பழக்கத்தில் இருக்கின்றன. பேச்சில் இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள்.

வெட்டுவது என்பது அளவை மட்டும் பார்க்கும் வேலை. இத்தனை எழுத்துக்கு மேல் போனால் நறுக்கிவிடு என்பதோடு சரி. கிளாட் கோடில் எம்சிபி கருவி ஒன்றின் வெளியீட்டுக்கு டீஃபால்ட் வரம்பு 25,000 டோக்கன் என்று அதன் ஆவணம் சொல்கிறது. 2025-இல் அதன் ஆவணத்தில் இருந்தபடி, டெர்மினல் கட்டளையின் வெளியீடு நீண்டால் அது நடுப்பகுதியை எடுத்துவிட்டு, தலையையும் வாலையும் வைத்துக்கொள்ளும்.

தலையும் வாலும் என்பது யோசித்து எடுத்த முடிவுதான். சி++ நிரலைக் கம்பைல் செய்யும்போது, அதாவது கம்ப்யூட்டர் ஓட்டக்கூடிய வடிவத்துக்கு மாற்றும்போது, முதல் எரர்தான் மூல காரணமாக இருக்கும், பின்னால் வரும் ஐம்பதும் அதன் விளைவு. ஆகவே தலை வேண்டும். பைதான் நிரல்களைச் சோதிக்கும் பைடெஸ்ட் கருவியில் எந்தச் சோதனை தோற்றது என்ற தொகுப்பு கடைசியில் வரும், ஆகவே வால் வேண்டும். இரண்டையும் வைத்துக்கொண்டால் பெரும்பாலும் பிழைத்துக்கொள்ளலாம். மாட்டிக்கொள்ளும் இடம் எது தெரியுமா? பல வேலைகளை ஒரே நேரத்தில் ஓட்டும் கம்பைல். எட்டு வேலைகள் பக்கத்தில் பக்கத்தில் ஓடுகையில் மூன்றாவது வேலையில் எரர் வந்தால், மற்ற ஏழும் தாங்கள் கையில் எடுத்ததை முடிக்கும்வரை எழுதிக்கொண்டே போகும். எரர் நட்ட நடுவில் புதைந்துவிடும். வெட்டும் கத்தி சரியாக அங்கேதான் விழுகிறது.

சுருக்குவது வேறு மாதிரி. இன்னொரு மாடல், வழக்கமாகச் சிறியது, வெளியீட்டைப் படித்துத் தன் சொற்களில் குறிப்பு எழுதும். ஜெமினி சிஎல்ஐ-யில் இதற்கென்றே ஓர் அமைப்பு உண்டு. 2025-இல் அதன் ஆவணத்தில் இருந்தபடி, டெர்மினல் கட்டளைக் கருவிக்கு மட்டுமே அது பொருந்தும். எத்தனை டோக்கனுக்குள் சுருக்க வேண்டும் என்று நீங்கள் எண் கொடுக்கலாம். ஆவணம் காட்டும் எடுத்துக்காட்டில் அந்த எண் 2000. நீங்களாகப் போட்டுவிடாதவரை அது அணைந்தே இருக்கும். அதைக் கட்டியவர்களுக்கு ஆபத்து தெரிந்திருக்கிறது. சுருக்கும் மாடலுக்கு அவர்கள் கொடுத்த அறிவுறுத்தலில், எரர்கள் இருந்தால் அவற்றின் முழுத் தடத்தையும் தனியாகக் குறித்துத் தர வேண்டும் என்று சொல்லியிருக்கிறார்கள்.

அப்படிச் சொல்லியும் நழுவுவது நழுவும். ஓர் உதாரணம். சோதனை லாக்கில் 5433 என்ற போர்ட்டில் (இணைப்பு வாசலின் எண்) டேட்டாபேஸ் இணைப்பு மறுக்கப்பட்டது என்று இருக்கிறது. உண்மையில் டேட்டாபேஸ் காத்திருப்பது 5432-இல். யாரோ ஓர் எண்ணைத் தவறாக அடித்திருக்கிறார்கள், அவ்வளவுதான் பிழை. சுருக்கம் 'மூன்று சோதனைகள் டேட்டாபேஸ் இணைப்புக் கோளாறால் தோற்றன' என்று வருகிறது. அதில் பொய் எதுவும் இல்லை, எண் மட்டும் இல்லை. பெரிய மாடல் இதை வைத்துக்கொண்டு டேட்டாபேஸ் ஓடுகிறதா, பாஸ்வேர்ட் சரியா, ஃபயர்வால் மறிக்கிறதா என்று ஒவ்வொன்றாகத் தேடிப் போகும். திரைக்கு முன் உட்கார்ந்திருப்பவர் தலையில் அடித்துக்கொள்வார்.

குறிப்பு எழுதுகிறவருக்கு அடுத்து என்ன கேள்வி வரும் என்று தெரியாது. சுருக்கத்தின் அடிப்படைக் குறையே இதுதான். கூடவே, சுருங்கும்போது உரைக்கு ஓர் உறுதி வந்துவிடும். 40 சோதனைகள் தேறின, 2 ஓட்டப்படாமலே தாண்டப்பட்டன என்ற வரி 'சோதனைகள் வெற்றி' என்று ஆகிவிடலாம். தாண்டப்பட்ட அந்த இரண்டில்தான் நாம் தேடும் கோளாறு இருக்கிறது என்றால் கதை முடிந்தது. வெட்டினால் குறைந்தபட்சம் 'இங்கே சில வரிகள் நீக்கப்பட்டன' என்று வடு இருக்கும். சுருக்கத்தில் வடு தெரியாது. என்னைக் கேட்டால் நிரல் வேலையில் வெட்டுவதே மேல். சுருக்கத்தை நீண்ட கட்டுரைகளுக்கும் இணையப் பக்கங்களுக்கும் வைத்துக்கொள்ளலாம்.

இன்னொரு குழப்பம் திரையால் வருகிறது. ஜெமினி சிஎல்ஐ-யின் உள்ளே, ஒவ்வொரு கருவியும் இரண்டு பொருள்களைத் திருப்பித் தரும். ஒன்று மாடலுக்குப் போவது, மற்றது பயனரின் திரைக்குப் போவது. சுருக்கும் அமைப்பைப் போட்டிருந்தால் மாடலுக்குச் சுருக்கம் போகும், உங்கள் திரையில் முழு வெளியீடு ஓடும். "லாக்ல பளிச்சுனு இருக்கே" என்று நீங்கள் சொல்வது உண்மை. உங்கள் திரையில் பளிச்சென்றுதான் இருக்கிறது.

உரையாடல் முழுவதையும் சுருக்குவது என்று தனியாக ஒன்று உண்டு. சாளரம் நிரம்பும் நிலை வந்தால், இதுவரை பேசியது அனைத்தையும் ஒரு குறிப்பாக மாற்றிவிட்டு அங்கிருந்து தொடர்வது. ஜெமினி சிஎல்ஐ-யில் கம்ப்ரெஸ், கிளாட் கோடில் காம்பாக்ட் என்று கட்டளைகள் இருக்கின்றன, தானாகவும் நடக்கும். 'ஆரம்பத்தில் சொன்னதை மறந்துவிட்டது' என்ற புகாரின் வேர் பெரும்பாலும் இங்கே இருக்கும், கருவி வெளியீட்டுச் சுருக்கத்தில் தேடிப் பயனில்லை.

பாதுகாப்பு பற்றி ஒரு வார்த்தை. வெளியிலிருந்து வரும் பக்கத்தில் 'இதைப் படிக்கும் ஏஐ இன்னதைச் செய்க' என்று யாராவது ஒளித்து எழுதி வைத்திருக்கலாம். இதற்கு பிராம்ப்ட் இன்ஜெக்‌ஷன் என்ற பெயரை 2022 செப்டம்பரில் சைமன் வில்லிசன் என்ற புரோகிராமர் வைத்தார். சுருக்கினால் இந்த விஷம் வடிகட்டப்பட்டுவிடும் என்று நினைக்க வேண்டாம். சுருக்குவதும் ஒரு மாடல்தான், அதுவும் அந்த வரியைப் படிக்கும்.

இந்தப் பகுதியின் சாரம்: மாடல் ஒவ்வொரு சுற்றிலும் எல்லாவற்றையும் புதிதாகப் படிப்பதால் கருவி வெளியீட்டைக் குறைக்க வேண்டியிருக்கிறது. வெட்டினால் ஒரு பகுதி போகும், சுருக்கினால் நுணுக்கம் போகும். நீங்கள் பார்ப்பதும் மாடல் பார்ப்பதும் ஒன்றாக இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை.

## எப்படி அமைத்துக்கொள்வது?

முதலில் இப்போது எந்த மாடல் ஓடுகிறது என்று பாருங்கள். "நீ எந்த மாடல்?" என்று அதையே கேட்காதீர்கள், பயிற்சியின்போது தன் பெயர் அதற்குத் தெரிந்திருக்க வேண்டும் என்பதில்லை, தன்னம்பிக்கையோடு தவறாகச் சொல்லும். திரையின் அடியில் பெயர் இருக்கும். ஜெமினி சிஎல்ஐ-யில் ஸ்டாட்ஸ் கட்டளை எந்த மாடலுக்கு எத்தனை டோக்கன் போனது என்று பிரித்தே காட்டும். நீங்கள் கேட்ட வேலைக்கு ஃப்ளாஷ் கணக்கு ஏறியிருந்தால் விஷயம் புரிந்துவிடும்.

தினசரி வேலைக்கு எந்த டீஃபால்ட் என்றால், நடுத்தர மாடலை வைத்துக்கொண்டு, கடினமான இடம் வரும்போது மட்டும் கட்டளையில் பெரியதைக் கேட்பது பெரும்பாலானோருக்குப் போதும். குழுவாக வேலை செய்தால் மாடல் பெயரை புராஜெக்ட் ஃபைலில் எழுதி, ஏன் அது என்று பக்கத்தில் ஒரு வரி எழுதி வையுங்கள். இல்லாவிட்டால் மூன்று மாதம் கழித்து, அதை எழுதினவருக்கே காரணம் மறந்திருக்கும்.

சுருக்கும் அமைப்பைப் பொறுத்தவரை, பிழை தேடும் நேரத்தில் அணைத்து வையுங்கள். எண் கொடுப்பதாக இருந்தால் மிகவும் இறுக்க வேண்டாம். லாக்கின் அளவு பயமுறுத்தினால் வேறொரு வழி இருக்கிறது: வெளியீட்டை உரையாடலுக்குள் விடாமல் ஒரு ஃபைலுக்குத் திருப்பிவிட்டு, அந்த ஃபைலில் எரர் என்ற சொல் வரும் இடங்களையும் அவற்றின் முன்பின் இருபது வரிகளையும் மட்டும் படிக்கும்படி மாடலிடம் சொல்லலாம். மூல வரிகள் அப்படியே கிடைக்கும், இடமும் மிச்சம். சோதனைக் கருவியிலேயே தேறியவற்றைக் காட்டாதே என்று சொல்லிவிட முடிந்தால் இன்னும் நல்லது. பிறகு சுருக்க ஒன்றும் இருக்காது.

பதில் விநோதமாகப் போகிறது என்று தோன்றினால், விளக்கம் கேட்குமுன், அந்த எரர் வரியை எழுத்து மாறாமல் எடுத்துக் காட்டச் சொல்லுங்கள். காட்டிய வரியை உங்கள் திரையில் இருப்பதோடு ஒப்பிடுங்கள். காட்ட முடியாவிட்டாலோ, அந்த வரி உங்கள் லாக்கில் இல்லாவிட்டாலோ அது அதைப் பார்க்கவே இல்லை என்று எடுத்துக்கொள்ளலாம். அப்போது எரரைச் சுற்றியுள்ள பத்து வரியை நீங்களே நகலெடுத்து ஒட்டிவிடுங்கள். பல வேலைகள் ஒன்றாக ஓடும் கம்பைல் என்றால், ஒரே வேலையாக மறுபடி ஓட்டிவிட்டு ஒட்டுங்கள். எரர் லாக்கின் கடைசியிலேயே வந்து நிற்கும்.